ருக்கியா என்ற நடிகை

பழைய சினிமாவில் எனக்கு ஒரு கெட்ட பழக்கம். கதையை விட்டுவிட்டு வரவு செலவைத்தான் முதலில் பார்ப்பேன். பி.காம். படித்துவிட்டு வங்கியில் இத்தனை வருஷம் குப்பை கொட்டினால் அப்படித்தான். இந்தோனேசியாவின் ருக்கியா எனக்கு அறிமுகமானதும் இப்படி ஒரு கணக்கின் வழியாகத்தான்.

1938ல் டச்சுக்காரர்கள் ஆண்டுகொண்டிருந்த படாவியாவில் (இன்றைய ஜகார்த்தாதான்) டான் சகோதரர்கள் 'ஃபாத்திமா' என்று ஒரு படம் எடுத்தார்கள். செலவு 7,000 கில்டர், வசூல் 2 லட்சம் கில்டர். கதாநாயகி ருக்கியாவுக்கு மாதச் சம்பளம் 150 கில்டர். அந்த வசூலை அவர் சம்பளமாக வாங்க வேண்டுமென்றால் 111 வருஷம் வேலை பார்க்க வேண்டும்! ஆனால் அந்தக் காலத்துக்கு அது நல்ல சம்பளம் என்கிறார்கள். கணவர் கார்த்தோலோவுக்கு 50 தான்.

ருக்கியா 1917 டிசம்பர் 31 அன்று பாண்டுங்கில் பிறந்தவர். அப்பா அம்மா இருவரும் நாடகக்காரர்கள். இவரும் மேடையேறி, கெரொன்சோங் பாட்டில் பேர் வாங்கினார். போர்த்துக்கீசியர் கொண்டுவந்த இசை, ஜாவா மண்ணில் கலந்து உருவான பாட்டு அது. 1937ல் டச்சுப் பத்திரிகையாளர் ஆல்பர்ட் பாலிங்க் இவரைக் கதாநாயகியாக்கி 'தெராங் பூலான்' எடுத்தார். பெயருக்கு நிலவொளி என்று பொருள். அப்பா பார்த்த மாப்பிள்ளை பிடிக்காமல் காதலனோடு ஓடிப்போகும் பெண்ணின் கதை. நமக்குத் தெரியாத கதையா என்ன! படம் சிங்கப்பூர், மலாயா வரை ஓடி வசூலை அள்ளியது. முடங்கிக் கிடந்த அந்த ஊர் சினிமாத் தொழில் எழுந்து உட்கார்ந்தது இதற்குப் பிறகுதான்.

ஜோடி ராடன் மொக்தார் 1940ல் சம்பளத் தகராறில் கம்பெனியை விட்டுப் போனார். ருக்கியா போகவில்லை. ஜுமாலா என்ற புதுமுகத்தோடு இன்னும் நாலு படம் நடித்தார்.

1942ல் ஜப்பான் ராணுவம் வந்தது. ஸ்டூடியோக்கள் மூடப்பட்டன. பாட்டும் நாடகமுமாக ஜாவா முழுக்கச் சுற்ற வேண்டியதாயிற்று. 1945ல் கரு கலைந்து உடம்பு முடியாமல் இருந்த நிலையிலும் ஜப்பானியர்கள் விடவில்லை, சுரபாயாவுக்குப் போய் மேடையேறினார். திரும்பி வந்து படுத்தவர் எழுந்திருக்கவேயில்லை. ஜப்பான் சரணாகதிப் பத்திரத்தில் கையெழுத்திட்ட அதே 1945 செப்டம்பர் 2 அன்று இறந்தார். வயது 27. நாடு சுதந்திரம் அறிவித்துச் சரியாக 16 நாள் ஆகியிருந்தது. கல்வி அமைச்சர் கி ஹஜார் தேவந்தாரா இறுதிச் சடங்குக்கு வந்திருந்தார்.

'தெராங் பூலான்' பிரதி ஒன்றுகூட இன்று கிடையாது. கையில் இருப்பதெல்லாம் சில புகைப்படங்களும் விளம்பரங்களும்தான். நானும் அவற்றை மட்டும்தான் பார்த்திருக்கிறேன். கார்த்தோலோவும் 1949ல் போய்ச் சேர்ந்தார். அவர்களுக்கு ஐந்து பிள்ளைகள். அதில் ரக்மத் கார்த்தோலோ, அம்மாவைப் போலவே, 1960களில் பாடகராகவும் நடிகராகவும் பேர் வாங்கினார்.