அடக்கம்

சென்ற வாரம் ஹோய் ஆன் துறைமுகத்தின் மஞ்சள் சுவர்களோடு நிறுத்தியிருந்தோம். அங்கிருந்து வடக்கே, ஹாய் வான் கணவாயைத் தாண்டி இறங்கினால் ஹுவே. 1802 முதல் 1945 வரை வியட்நாமின் தலைநகரம். நுயென் வம்சத்து அரசர்கள் 13 பேர் அடுத்தடுத்து அரியணை ஏறியது இங்கேதான். முன்னவர்கள் நாட்டை ஆண்டார்கள். பின்னவர்கள் காலத்தில் பிரெஞ்சுக்காரர்கள் ஆள, இவர்கள் அரியணையில் அமர்ந்திருந்தார்கள்.

ஊர் சுற்றிக்காட்டும் வேன் காலை 8 மணிக்கு விடுதி வாசலில் வந்து நின்றது. அரைநாள் சுற்று. கோட்டை, தியென் மூ பௌத்தக் கோயில், தூ டுக் அரசரின் கல்லறை. வழிகாட்டியாக வந்த பெண்ணுக்கு முப்பது வயது இருக்கலாம். எல்லோரும் ஏறி உட்கார்ந்ததும் அவர் கேட்டுக்கொண்டது ஒன்றுதான்: "ஒரு மணிக்குள் திரும்பிவிட வேண்டும். இன்று எங்கள் சந்திர நாட்காட்டியில் ஐந்தாம் மாதம் 23-ம் தேதி. வீட்டில் படையல் இருக்கிறது."

யாருக்குப் படையல் என்று கேட்டேன். "கடைசியில் சொல்கிறேன், ஐயா. இப்போது சொன்னால் புரியாது" என்றார்.

இந்த மண் முதலில் வியட்நாமியருடையது அல்ல. சிவனை வழிபட்ட, வடமொழிப் பெயர் சூடிய சம்பா அரசர்களின் நாடு இது. 1306-ல் சம்பா அரசர் மூன்றாம் ஜெயசிம்மவர்மன், வியட்நாம் இளவரசி ஹுயென் திரானை மணக்க இரண்டு மாவட்டங்களைப் பரிசமாகக் கொடுத்தார். மறு ஆண்டே அவர் இறந்துபோனார். இளவரசியை அவள் வீட்டார் வந்து மீட்டுக்கொண்டு போனார்கள். கொடுத்த மண் மட்டும் திரும்பவில்லை. அந்த மாவட்டங்களில் ஒன்றுக்கு அவர்கள் வைத்த ஹோவா என்ற பெயர்தான் மருவி ஹுவே ஆயிற்று என்பார்கள். 2001-ல் பக்கத்துக் கடற்கரையில் மணல்மேட்டைத் தோண்டியபோது, சம்பாவின் சாம் மக்கள் கட்டிய சின்னஞ்சிறு செங்கல் கோயில் ஒன்று அடியிலிருந்து வெளிப்பட்டது.

கோட்டையைக் கட்டத் தொடங்கியவர் வம்சத்தின் முதல் அரசர் ஜியா லாங். ஆண்டு 1805. சுற்றளவு ஏறக்குறைய 10 கிலோமீட்டர். கொத்தளங்கள் கூர்கூராக வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் அமைப்பு, வோபான் என்ற பிரெஞ்சுப் பொறியாளர் வகுத்த முறை. ஜியா லாங் நாட்டைப் பிடிக்கப் போரிட்ட காலத்தில் பிரெஞ்சுக்காரர்கள் சிலர் அவர் பக்கம் நின்றார்கள். அவர்களிடமிருந்து வந்த அறிவு இது. ஆனால் மனை பார்த்தது சீன சாஸ்திரப்படி. எதிரே ஆறு, ஆற்றுக்கு அப்பால் தீய சக்தியைத் தடுக்கும் திரை போல ங்கூ பின் என்ற குன்று, ஆற்று நடுவில் இடமும் வலமுமாக இரண்டு தீவுகள், ஒன்று நாகம், ஒன்று புலி. பீரங்கிக்கு ஐரோப்பாவையும் விதிக்குச் சீனாவையும் நம்பிக் கட்டிய கோட்டை. அந்தக் கோட்டைக்குள் அரச நகரம், அதற்கும் உள்ளே அரசரின் குடும்பமும் பணியாட்களும் மட்டும் புழங்கிய ஊதா நகரம்.

அரச நகரத்தின் தெற்கு வாசலுக்கு ங்கோ மோன் என்று பெயர். 1833-ல் மின் மாங் அரசர் கட்டியது. ஐந்து வழிகள். நடு வழியில் அரசர் மட்டுமே போகலாம். மேலே ஏறி நின்றால் எதிரே கொடிமேடை தெரிகிறது. 1945 ஆகஸ்ட் 30 அன்று இந்த மாடத்தில்தான் கடைசி அரசர் பாவோ தாய், முத்திரையையும் வாளையும் புரட்சி அரசின் பிரதிநிதி திரான் ஹுய் லியுவிடம் ஒப்படைத்தார். முத்திரை சொக்கத் தங்கம், 10 கிலோவுக்கு மேல். அரசருக்கு அப்போது வயது 31. அடிமை நாட்டுக்கு அரசனாக இருப்பதைவிடச் சுதந்திர நாட்டில் குடிமகனாக இருப்பதே மேல் என்று அவருடைய பிரகடனம் சொன்னது. ஹோ சி மின் ஹனோயில் விடுதலையை அறிவித்தது அதற்கு மூன்றாம் நாள்.

தாய் ஹோவா கொலுமண்டபத்தைப் பல ஆண்டு செப்பனிட்டு 2024 நவம்பரில் மறுபடி திறந்திருக்கிறார்கள். அரக்குச் சிவப்புத் தூண்களில் பொன் நாகங்கள் சுற்றி ஏறுகின்றன. அந்த மண்டபத்தின் பின்கதவைத் தாண்டியதும் கண் ஒரு கணம் தடுமாறுகிறது. மாளிகைகள் நிறைந்திருந்த ஊதா நகரத்தின் பெரும்பகுதி இன்று புல்வெளி. 1947-ல் பிரெஞ்சுக்காரர்களோடு நடந்த சண்டையில் எரிந்தது பாதி. மிச்சத்தை 1968 தீர்த்தது. அந்த ஆண்டு புத்தாண்டு விடுமுறையில், ஜனவரி 31 அதிகாலையில், வடக்கு வியட்நாம் படையும் தெற்கின் கெரில்லாக்களும் கோட்டைக்குள் நுழைந்து கொடிமேடையில் தங்கள் கொடியை ஏற்றினார்கள். அமெரிக்கப் படையும் சைகோன் படையும் அதைத் திரும்பப் பிடிக்க ஏறக்குறைய ஒரு மாதம் வீடு வீடாகச் சண்டையிட்டன. இரு தரப்புக்கும் நடுவில் ஊர்ச்சனம் ஆயிரக்கணக்கில் செத்தது. குண்டுவீச்சில் செத்தவர்கள் உண்டு. கைகள் கட்டப்பட்டுக் கொல்லப்பட்டு, கூட்டம் கூட்டமாகப் புதைகுழிகளில் கிடைத்தவர்களும் உண்டு. புல்வெளி ஓரத்தில் நிற்கும் மதில்களில் தோட்டா பட்ட குழிகள் அப்படியே இருக்கின்றன. விரலை விட்டால் முதல் கணு வரை போகிறது.

இத்தனைக்கும் தப்பியவை ஒன்பது வெண்கல ஏனங்கள். மின் மாங் 1835-ல் வார்க்கச் சொல்லி 1837-ல் முடிந்தவை. மூன்று கால், இரண்டு காது, ஒவ்வொன்றும் ஏறக்குறைய இரண்டு டன்னோ அதற்கு மேலோ எடை. ஒவ்வொன்றும் ஓர் அரசருக்கு. ஜியா லாங்குக்கு உரியது மட்டும் வரிசையை விட்டு முன்னால் நிற்கிறது. மேலே நாட்டில் உள்ளதையெல்லாம் புடைப்பாக வார்த்திருக்கிறார்கள்: மலை, ஆறு, கால்வாய், கப்பல், பீரங்கி, நெல், பாக்குமரம், மாங்காய். முதல் ஏனத்தில் ஒரு பலாமரம். அடிமரத்தில் தொங்கும் காயில் முள் முள்ளாகத் தெரிகிறது. பக்கத்தில் பொறித்திருக்கும் பெயர் பா லா மத். வடமொழியின் 'பாரமிதா' சீனம் வழியாகச் சுற்றி வந்து பலாவுக்குப் பெயராகியிருக்கிறது. வெயிலில் சூடேறிய அந்த முட்களை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். போரில் வென்ற காட்சி ஒன்றுகூட இல்லாமல், தன் நாட்டில் விளைவதையும் ஓடுவதையும் பறப்பதையும் வெண்கலத்தில் எழுதி வைக்க நினைத்த அரசர்மீது மரியாதை வருகிறது.

தியென் மூவில் அரை மணி நேரம்தான் கொடுத்தார்கள். ஆற்றங்கரை மேட்டில் 1601-ல் நுயென் ஹோவாங் என்ற தலைவர் நிறுவிய கோயில். முகப்பில் நிற்கும் எண்கோண, ஏழுநிலைக் கோபுரம் 1844-ல் வந்தது. கோயிலின் பின்கட்டில் ஒரு கொட்டகைக்குள் வெளிர்நீல ஆஸ்டின் கார் ஒன்று நிற்கிறது. 1963 ஜூன் 11 அன்று திச் குவாங் டுக் என்ற துறவி சைகோன் நாற்சந்திக்கு இந்தக் காரில்தான் வந்து இறங்கினார். பெட்ரோலில் நனைந்து, பத்மாசனத்தில் அமர்ந்து, தனக்குத்தானே தீ வைத்துக்கொண்டார். அதற்கு ஒரு மாதம் முன்பு, புத்தர் பிறந்த நாள் விழாவில் பௌத்தக் கொடி ஏற்றக் கூடாது என்று தெற்கு வியட்நாமை ஆண்ட ஙோ தின் சியெம் அரசு தடுத்ததும், வானொலி நிலையத்தின் முன் கூடியவர்கள் கொல்லப்பட்டதும் இந்த ஹுவே நகரத்தில்தான். அதைக் கண்டித்துத்தான் அவர் எரிந்தார். காரின் அருகே யாரும் சத்தமாகப் பேசவில்லை.

அங்கிருந்து ஆற்றைத் தாண்டித் தென்கரை. ஊதுபத்திக் கட்டுகளைப் பூ விரித்தாற்போல் காயவைத்திருக்கும் தெருவைக் கடந்தால் தூ டுக்கின் கல்லறை. பைன் மரக் காடு, தாமரை ஏரி, ஏரிமேல் மரத்தூண்களில் நிற்கும் மண்டபம். அரசர் உயிரோடு இருந்த காலத்தில் இங்கே வந்து தங்குவார், மண்டபத்தில் உட்கார்ந்து கவிதை எழுதுவார். சாகுமுன்பே தன் கல்லறையில் வாழ்ந்தவர்.

தூ டுக் 1847 முதல் 1883 வரை 36 ஆண்டு ஆண்டார். வம்சத்தில் நீண்ட ஆட்சி அவருடையதுதான். மனைவியர் பலர் இருந்தும் பிள்ளை இல்லை. மூத்தவர் ஹோங் பாவ் இருக்க, இளையவரான இவருக்கு முடி கிடைத்தது. அண்ணன் சிறையில் மாண்டார். 1858-ல் பிரெஞ்சுக் கப்பல்கள் தா நாங்கைச் சுட்டன. மறு ஆண்டு சைகோன் போயிற்று. 1862-ல் தெற்கே மூன்று மாகாணங்களை எழுதிக் கொடுத்தார். 1867-ல் இன்னும் மூன்றைப் பிரெஞ்சுக்காரர்கள் கேட்காமலே எடுத்துக்கொண்டார்கள்.

நாடு இப்படிக் கைநழுவிக்கொண்டிருந்தபோதுதான் இந்தக் கல்லறை வேலை நடந்தது, 1864 முதல் 1867 வரை. ஏறக்குறைய மூவாயிரம் பேர். ஆறு ஆண்டு வேலையை மூன்றில் முடிக்கச் சொன்னதில் அடியும் உதையும் பட்டினியும் அவர்கள் பங்கு. 1866 செப்டம்பரில் தோவான் ஹூ திருங் என்ற இளங்கவிஞர் அவர்களைத் திரட்டினார். ஆயுதம் என்று அவர்களிடம் இருந்தது சாந்துக்குச் சுண்ணாம்பு இடிக்கும் உலக்கைதான். அதையே தூக்கிக்கொண்டு இரவோடு இரவாக அரண்மனைக்குள் புகுந்தார்கள். ஹோங் பாவின் மகனை அரியணையில் அமர்த்துவது திட்டம். விடிவதற்குள் அடக்கிவிட்டார்கள். கவிஞருக்கும் தம்பிமாருக்கும் மரண தண்டனை. ஹோங் பாவின் மகனும் தப்பவில்லை. வியட்நாம் வரலாற்றில் இதற்குச் சுண்ணாம்பு உலக்கைக் கலகம் என்றே பெயர்.

அதற்குப் பிறகு அரசர் இடத்தின் பெயரை மாற்றினார். முதலில் வைத்த பெயருக்கு 'பத்தாயிரம் ஆண்டு நிற்கும் அடித்தளம்' என்று பொருள். புதிய பெயர் கியெம். வாசல், ஏரி, மண்டபம், நாடகக் கொட்டகை என்று எல்லாப் பெயரிலும் கியெம் சேர்ந்தது. வழிகாட்டி அதை ஆங்கிலத்தில் விளக்கினார். எனக்குத் தமிழ்தான் முந்திக்கொண்டு வந்தது: அடக்கம். பணிவுக்கும் புதைப்பதற்கும் நாம் ஒரே சொல்லை வைத்திருப்பது அன்று அந்த ஏரிக்கரையில் நின்றபோதுதான் உறைத்தது. ஆனால் பெயர் மாறியதே தவிர வேலை நிற்கவில்லை. உலக்கை பிடித்த கைகளே மிச்சத்தையும் கட்டி முடித்தன. இதையும் சேர்த்துத்தான் அந்த அழகைப் பார்க்க வேண்டும்.

படிகளேறினால் குதிரை, யானை, அதிகாரிகள் எனக் கற்சிலைகள் இரு வரிசையில் நிற்கின்றன. அதிகாரிகள் நம் மார்பளவுதான். அரசர் குள்ளம், அதனால் அவரைவிட உயரமாகச் செதுக்கக் கூடாது என்றார்களாம். அதைத் தாண்டிக் கல்வெட்டு மண்டபம். உள்ளே வடக்கேயுள்ள தான் ஹோவாவிலிருந்து கொண்டுவந்த ஒற்றைக் கல், எடை சுமார் 20 டன். நாட்டிலேயே பெரிய கல்வெட்டு என்பார்கள். இறந்த அரசரின் புகழை மகன் எழுதிப் பொறிப்பது மரபு. தூ டுக்குக்குப் பெற்ற மகன் இல்லை. தன் கதையைத் தானே எழுதினார், 4,935 எழுத்தில். தன் நோயை எழுதினார், பிள்ளையில்லாத துயரை எழுதினார், முன்னோர் சேர்த்த நிலத்தைத் தன் காலத்தில் இழந்ததை எழுதினார், ஆளை அறியாமல் நம்பியதையும் குற்றம் தன்னுடையதே என்பதையும் எழுதினார். மெய்க்கீர்த்தி படித்துப் பழகிய கண்ணுக்கு இது புதிது. வென்ற நாடுகளின் பெயர் வரிசையாக ஓட வேண்டிய இடத்தில், தோற்ற கணக்கு.

கல்லின் மேல் கை வைத்தேன். சீன எழுத்துகள் நகத்தளவு ஆழம், ஓரம் இன்னும் மழுங்கவில்லை. வழிகாட்டியிடம் ஒரு வரியைக் காட்டி, என்ன எழுதியிருக்கிறது என்றேன். "எனக்குப் படிக்கத் தெரியாது, ஐயா" என்றார். இன்று வியட்நாம் மொழியை ரோமன் எழுத்தில்தான் எழுதுகிறார்கள். அரசர் தன் மக்களிடம் சொல்ல நினைத்ததை, அவர்களில் சீனம் கற்ற சிலரால்தான் படிக்க முடியும்.

வேனில் திரும்பும்போது காலையில் சொன்ன வாக்கை அந்தப் பெண் நிறைவேற்றினார்.

தூ டுக் இறந்தது 1883 ஜூலையில். அடுத்த மாதமே பிரெஞ்சுக் கப்பல்கள் முகத்துவாரத்துக் கோட்டையைத் தகர்த்தன. நாடு அவர்களின் பாதுகாப்பில் இருக்கும் என்று கையெழுத்தாயிற்று. ஏறக்குறைய ஓராண்டில் மூன்று அரசர்கள் வந்து போனார்கள். நான்காவது, ஹாம் நி என்ற சிறுவன். 1885 ஜூலை 4 நள்ளிரவில் தோன் தாத் துயெத் என்ற அமைச்சரின் படை பிரெஞ்சு முகாம்களைத் தாக்கியது. விடிந்ததும் நிலைமை தலைகீழ். பிரெஞ்சுப் படை கோட்டைக்குள் புகுந்து சுட்டது, எரித்தது, அரண்மனையைச் சூறையாடியது. குறுகிய வாசல்களில் நெரிந்தும், குளங்களிலும் அகழியிலும் விழுந்தும், குண்டு பட்டும் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். சிறுவன் ஹாம் நி மலைக்குத் தப்பி, மூன்றாண்டு கழித்துப் பிடிபட்டு, அல்ஜீரியாவில் நாடு கடத்தப்பட்டவராகவே 1944-ல் இறந்தார்.

"அந்த விடியற்காலை ஐந்தாம் மாதம் 23-ம் தேதி" என்றார் அந்தப் பெண்.

வேன் கோட்டை வாசலுக்குள் நுழைந்தது. காலையில் வெறிச்சென்று இருந்த தெருவில் இப்போது வீட்டுக்கு வீடு நடைபாதையில் மேசை. கஞ்சி, உப்பு, அரிசி, பொரி, அவித்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு, பழம், ஊதுபத்தி. யார் பெயரும் யார் படமும் இல்லை. ஒவ்வொரு மேசைக்குக் கீழேயும் ஒரு பெரிய பாத்திரத்தில் தேநீர், பக்கத்தில் விறகு அடுக்கி மூட்டிய சிறு தீ. ஓடி ஓடித் தாகத்தில் செத்தவர்கள் குடிக்க அது. குளத்தில் மூழ்கிச் செத்தவர்கள் குளிர்காய இது. அந்தப் பெண் ஒரு முனையில் இறங்கிக்கொண்டு விடைபெற்றார். அவர் வீட்டு வாசலில் பாட்டி ஒருவர் குந்தியிருந்து, அணையப்போன தீக்கு விசிறிக்கொண்டிருந்தார்.

(தொடரும்)