உப்புச் சிமிழிலிருந்து வந்த கருவி

‘ஸ்டார் ட்ரெக்’ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் 1966 செப்டம்பர் 8 அன்று தொடங்கியது. முதலில் ஒளிபரப்பான கதையில், மனித உடம்பிலிருந்து உப்பை உறிஞ்சும் ஒரு பிராணி வருகிறது. அதற்கு ஆசை காட்ட உப்புச் சிமிழ் வேண்டும். எதிர்காலத்தில் நடக்கும் கதையாயிற்றே என்று விநோதமான சிமிழ்களாகத் தேடி வாங்கி வந்தார்கள். வாங்கிய பிறகுதான் உறைத்தது, அவற்றைப் பார்க்கிற யாருக்கும் உப்புச் சிமிழ் என்றே புரியாது. படப்பிடிப்புக்குச் சாதாரணச் சிமிழே போதும் என்று முடிவாயிற்று. வாங்கிய சிமிழ்கள் வீணாகவில்லை. கதையின் விண்கப்பல் மருத்துவர் மெக்காயின் கைக்குப் போய் மருத்துவக் கருவிகளாயின.

அந்தத் தொடரில்தான் ‘ட்ரைகார்டர்’ பிறந்தது. தோளில் தொங்கும் கறுப்புப் பெட்டி. பாறையை நோக்கி நீட்டினால் அதில் என்ன உலோகம் என்று சொல்லும், மயங்கிக் கிடப்பவன் மேல் ஓட்டினால் என்ன நோய் என்று சொல்லும். செய்து கொடுத்தவர் வா சாங் என்ற சீன வம்சாவளிச் சிற்பி. உப்பு தின்னும் அந்தப் பிராணியின் உருவத்தைச் செய்தவரும் அவரே. இருபதுகளில் இளம்பிள்ளைவாதம் தாக்கி, காலில் தாங்கி மாட்டி நடந்தவர். தொடரில் அவர் பெயர் போடப்படவில்லை.

பெட்டி எப்படி வேலை செய்கிறது என்று கதையில் யாரும் விளக்கவில்லை. விளக்க வேண்டிய தேவையும் இல்லை. அறியாத கிரகத்தில் இறங்கியவர்கள் ஆய்வுக்கூடத்தையும் ஆஸ்பத்திரியையும் தூக்கிக்கொண்டு போக முடியாது. தூரம் என்ற சிக்கலைக் கதாசிரியர்கள் ஒரு பெட்டியால் கடந்தார்கள், அவ்வளவுதான். ஆனால் அந்தச் சிக்கல் கதையோடு முடிகிறதா என்ன? தருமபுரி மாவட்டத்து ஏரியூர்ப் பக்கம் போனால் தெரியும். நாகமரையில் மேட்டூர் அணையின் நீர்ப்பரப்பு வழியை மறிக்கிறது. உடம்புக்குப் பெரிதாக ஏதாவது என்றால் பென்னாகரம், அதற்கும் மேல் என்றால் தருமபுரி. அந்தக் கறுப்புப் பெட்டியை விண்வெளி வீரர்களைவிட அதிகம் பயன்படுத்தியிருக்கக்கூடியவர்கள் இங்கேதான் இருக்கிறார்கள் என்பது என் எண்ணம்.

பெட்டியை நிஜமாகவே செய்துவிடலாம் என்று 2012 ஜனவரியில் குவால்காம் அறக்கட்டளை ஒரு கோடி டாலர் பரிசுப் போட்டி அறிவித்தது. எடை இரண்டேகால் கிலோவைத் தாண்டக் கூடாது, வீட்டில் சாதாரண ஆளே மருத்துவர் துணையின்றிப் பயன்படுத்தக்கூடியதாக இருக்க வேண்டும், பல நோய்களை இனம் காண வேண்டும். 2014இல் இறுதிக்கு வந்த பத்து அணிகளில் ஒன்று சென்னையிலிருந்து போனது. அதன் பெயர் ‘தன்வந்திரி’. 2017 ஏப்ரலில் முடிவு வந்தபோது எல்லா நிபந்தனைகளையும் முழுமையாக எட்டியவர் ஒருவரும் இல்லை. அமெரிக்க அவசரச் சிகிச்சை மருத்துவர் பேசில் ஹாரிஸ் தன் உடன்பிறந்தவர்களோடு சேர்ந்து செய்த கருவிக்கு 26 லட்சம் டாலர் கிடைத்தது, தைவான் அணிக்கு 10 லட்சம்.

சந்தடியில்லாமல் வேறொரு பக்கம் கருவி முன்பே வந்துவிட்டிருந்தது. 1970களின் தொடக்கத்தில் ஜப்பானியப் பொறியாளர் தக்குவோ அவோயாகி, காதில் ஒளி பாய்ச்சி இதயம் தள்ளும் ரத்தத்தை அளக்க முயன்றுகொண்டிருந்தார். நாடித் துடிப்பு அளவைக் கெடுத்துக்கொண்டே இருந்தது. அந்த இடைஞ்சலைக் களைய முற்பட்டபோதுதான், ரத்தத்தில் எவ்வளவு ஆக்சிஜன் என்பதை அந்தத் துடிப்பே காட்டிக்கொடுக்கும் என்று கண்டார். விரலில் துணிக்கிளிப் போல மாட்டும் ஆக்சிமீட்டரின் மூலம் அதுதான். உலகமே ஆக்சிமீட்டர் வாங்க அலைந்த 2020 ஏப்ரலில் அவர் காலமானார்.

ஆக, ஒற்றைப் பெட்டியாக வரவேண்டியது துண்டு துண்டாக வந்தது. தமிழ்நாட்டுக் கிராமங்களுக்கு அது ஒரு பைக்குள் வந்து சேர்ந்தது. 2021 ஆகஸ்ட் 5 அன்று, முன்பு தருமபுரியோடு இருந்த கிருஷ்ணகிரி மாவட்டத்தின் சாமனப்பள்ளியில் ‘மக்களைத் தேடி மருத்துவம்’ தொடங்கியது. வீடு தேடி வரும் தன்னார்வலர் பெண்ணின் கையில் பிரஷர் பார்க்கும் மிஷின், சர்க்கரை பார்க்கும் குளுக்கோமீட்டர், மாதத்துக்கான மாத்திரைகள். விண்கப்பல் ரசிகர்கள் இதைப் பார்த்துச் சிரிக்கலாம். இந்தப் பை கல்லில் என்ன உலோகம் என்று சொல்லாது, எலும்பு முறிவையும் காட்டாது. ஆனால் மெக்காயின் கருவி ஒருநாளும் செய்யாத வேலை ஒன்று இங்கே நடக்கிறது. சர்க்கரை ஏறியிருந்தால், “என்னம்மா, மாத்திரைய ஒழுங்கா போடறதில்லையா?” என்று அந்தப் பெண் கேட்கிறார். பதில் திருப்தியில்லை என்றால் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போகச் சொல்கிறார், அடுத்த மாதம் வந்து போனீர்களா என்றும் விசாரிக்கிறார்.