பறித்த கேமரா

புதுச்சேரி தேங்காய்த்திட்டு முகத்துவாரத்தில் மணல் மேடிட்டு விசைப்படகு தரைதட்டினால், நிருபர் வந்து சேருமுன் கரையில் நிற்கும் பையன்கள் செல்போனில் எடுத்துவிடுகிறார்கள். போன மாதம் அங்கே ஒருவன் சொன்னான்: "நான் எடுத்ததுதாண்ணே, வேற ஒருத்தர் பேருல சுத்துது." அந்த வருத்தத்துக்கு வயது நூறைத் தாண்டிவிட்டது.

1914 பிப்ரவரி 2. கீஸ்டோன் கம்பெனியின் 'மேக்கிங் எ லிவிங்' வெளியானது. ஒரே ரீல், சார்லி சாப்ளின் திரையில் தோன்றிய முதல் படம். தொளதொள கால்சட்டை நாடோடியை இதில் தேடக் கூடாது. உயரத் தொப்பி, நீள அங்கி, ஒற்றைக் கண்ணாடி, தொங்குமீசையுடன் வருகிற ஏமாற்றுக்காரர் இவர். கையில் காசில்லை. பத்திரிகைத் தொழிலில் அரிச்சுவடியும் தெரியாது. ஆனாலும் நிருபராகத் துடிக்கிறார்.

மலைச்சரிவில் ஒரு கார் உருண்டு விழுகிறது. உண்மையான நிருபர் படமெடுக்கிறார். காருக்கடியில் சிக்கியவரிடம் விவரம் கேட்கக் குனிகிறார். அந்த இடைவெளியில் சாப்ளின் கேமராவைப் பறித்துக்கொண்டு ஓட்டமெடுக்கிறார். படம் அச்சேறுகிறது, அவருடைய சரக்காகவே. கடைசியில் இருவரும் நடுத்தெருவில் கட்டிப்புரள, டிராம் வண்டி இருவரையும் வாரிக்கொண்டு போகிறது.

நிருபராக நடித்த ஹென்றி லேர்மன்தான் டைரக்டரும். தான் செய்த நல்ல சேட்டைகளையெல்லாம் அவர் எடிட்டிங்கில் வெட்டிவிட்டதாகச் சாப்ளின் கடைசிவரை நம்பினார். கதையில் பறித்தவர் வெட்டு மேசையில் பறிகொடுத்திருக்கிறார். ஐந்தே நாளில் இருவரும் சேர்ந்த அடுத்த படம் வந்தது: 'கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்'. கலிஃபோர்னியாவில் உண்மையாகவே நடந்த சிறுவர் கார்ப் பந்தயம். செய்திப்படம் எடுப்பவரின் கேமராவை மறித்துக்கொண்டே நிற்கிறார் ஒருவர். உலகம் நாடோடியைப் பார்த்தது அன்றைக்குத்தான்.

இதற்கு மூன்று வருடம் முன்பே நம்மவர் ஒருவர் செய்திக்காகக் கேமராவோடு கடல் கடந்திருக்கிறார். 1911-இல் லண்டனில் ஐந்தாம் ஜார்ஜின் முடிசூட்டு விழாவைப் படம்பிடித்து வந்து சென்னையில் திரையிட்டார் மருதமுத்து மூப்பனார். ராஜாவைத் தெரிந்த அளவுக்கு, கைப்பிடியைச் சுழற்றியவரை நமக்குத் தெரியவில்லையே என்பது என் மனத்தாங்கல்.

பையனிடம் இதைச் சொன்னேன். "அவரு எடுத்த படம் இப்ப எங்கண்ணே இருக்கு?" என்றான்.

தென்னிந்திய மௌனக் கதைப்படங்களிலேயே புனே திரைப்பட ஆவணக் காப்பகத்தில் மிஞ்சியது 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான் தம்பி, என்றேன்.