கீழ்வெண்மணி – திரைப்படங்களில்

அன்றைய தஞ்சாவூர் மாவட்டக் கீழ்வெண்மணியில் 1968 டிசம்பர் 25 இரவு 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டனர். கம்யூனிஸ்டுகளின் செங்கொடிச் சங்கத்தில் சேர்ந்து அரைப்படி நெல் கூடுதல் கூலி கேட்ட தலித் விவசாயத் தொழிலாளர்களின் குடும்பத்தினர் அவர்கள். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். தாக்குதலுக்கு அஞ்சி ராமையாவின் சிறு குடிசைக்குள் அடைந்தவர்களை வெளியேற விடாமல் நிலக்கிழார்களின் அடியாட்கள் தீ வைத்தனர். கீழ் நீதிமன்றம் தண்டித்த நிலக்கிழார்களைச் சென்னை உயர் நீதிமன்றம் விடுவித்தது. நீதி கிடைக்காத அந்த இரவின் நினைவை இலக்கியமும் திரையும் சுமந்து வருகின்றன.

புனைவுப் படங்கள்

வெண்மணிப் படுகொலையை அடிப்படையாகக் கொண்ட இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவல் 1977இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. நிலக்கிழாரின் கொடுமைக்கு அவரது ஆண்மைக் குறையைக் காரணமாக்கிக் கூலிப் போராட்டத்தைப் பின்னுக்குத் தள்ளியதாக இடதுசாரிகள் அதைக் கண்டித்தனர். அந்நாவலைத் தழுவி ஸ்ரீதர் ராஜன் இயக்கிய 'கண் சிவந்தால் மண் சிவக்கும்' (1983), அறிமுக இயக்குநருக்கான தேசிய விருதை வென்றது. சரத்குமார் நடித்த 'அரவிந்தன்' (1997) வெண்மணிச் சம்பவத்தை நட்சத்திரப் படத்துக்குள் கொண்டுவந்தது.

வெற்றிமாறனின் 'அசுரன்' (2019), பூமணியின் 'வெக்கை' நாவலைத் தழுவியது. அதில் நாயகன் சிவசாமியின் இளமைக்காலக் கதையில் குடிசைகள் மனிதர்களோடு எரியும் காட்சி, வெண்மணியையே நினைவூட்டியது. ஆனால் களம் காவிரிப் படுகையிலிருந்து கரிசல் காட்டுக்கு நகர்ந்தது. கூலி உயர்வுக் கோரிக்கையின் இடத்தில் தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்ட பஞ்சமி நிலங்களின் மீட்பு வந்தது. வெண்மணியைக் கேள்விப்பட்டிராத தலைமுறைக்கு அந்த நெருப்பின் கொடூரத்தை உணர்த்தியது இப்படம். அரைப்படி நெல்லுக்காக நடந்த போராட்டத்தை மட்டும் அதிலிருந்து அறிய முடியாது.

ஆவணப்படம்

அந்தப் போராட்டத்தை 'அசுரன்' வருவதற்கு முன்பே பதிவு செய்திருந்தது, பாரதி கிருஷ்ணகுமாரின் 'ராமையாவின் குடிசை' (2005). உயிர் பிழைத்தவர்களையும் நேரில் கண்டவர்களையும் பேசவைத்ததால், ஊர், பெயர், கூலி, சங்கம் எல்லாம் இதில் உரிய இடத்தைப் பெற்றன.

பிற்காலத் தாக்கம்

உண்மைக் கொடுமையைத் திரைக்குக் கொண்டுவருவதன் பொறுப்பை, வெண்மணியைப் பற்றியதல்லாத ஒரு படமும் உணர்த்தியது. மாரி செல்வராஜின் 'கர்ணன்' (2021), 1995இல் தலித் கிராமமான கொடியங்குளத்தில் காவல்துறை நடத்திய தாக்குதலை நினைவூட்டியது. படத்தில் ஊரின் பெயர் பொடியங்குளம். கதை நடக்கும் ஆண்டாக 1997 காட்டப்பட்டதும், எந்த ஆட்சியில் நடந்த கொடுமை என்ற விவாதம் எழுந்து, அந்தக் குறிப்பு மாற்றப்பட்டது. கற்பனைக் கதையின் ஓர் ஆண்டுக் குறிப்புக்கே இத்தனை வாதம் எழக் காரணம், மக்கள் அதைச் சாட்சியமாக ஏற்றதே. ஆகவே படுகொலையைத் திரைக்குக் கொண்டுவருவோர் அதன் காலத்துக்கும் இடத்துக்கும் காரணத்துக்கும் பொறுப்பேற்க வேண்டியவர்கள்.