துப்பாக்கியும் வேலியும்: திருகோணமலைக் காட்டுவழியின் சரித்திரம்

விடுமுறைக் காலம் நெருங்கியதும் ஆசிரியரும் மாணவரும் வரைபடத்தை விரித்துப் பிரயாணத் திட்டம் வகுப்பது நல்ல வழக்கமே. திருகோணமலைத் துறைமுகத்தை நோக்கி வரும் பெருவீதியில் ஹபறணையை அடுத்து மின்னேரியாவும் கவுடுல்லயும் இருக்கின்றன. தெற்கே மகாவலியின் தாழ்நிலத்தில் சோமாவதிய பரந்து கிடக்கிறது. வடக்கே நிலாவெளிக் கரைக்கு எதிரே புறாத்தீவு தெரிகிறது. நான்குமே தேசியப் பூங்காக்கள். யானைகள் எந்த மாதத்தில் கூடும், கடல் எப்போது அடங்கியிருக்கும், வாகன வாடகை எவ்வளவு, கட்டணம் எவ்வளவு என்பனவெல்லாம் திட்டத்தில் எழுதப்படுகின்றன. அந்த வீதியை யார் வெட்டினர், அந்தக் காட்டுக்கு வேலியிட்டவர் யார், எவரை விலக்குவதற்காக இட்டனர் என்ற வினாக்கள் மட்டும் எழுதப்படுவதில்லை. சரித்திரம் கற்பிப்போரும் கற்போரும் இவ்வினாக்களை விட்டுவிட்டுப் புறப்படலாகுமா?

முதலில் ஒரு மயக்கத்தைக் களைவோம். மனிதக் கை படாத இயற்கையைக் காணப் போகிறோம் என்றே பலரும் நினைக்கின்றனர். ஆனால், வறட்சிக் காலத்தில் நூற்றுக்கணக்கான யானைகள் கூடி மேயும் மின்னேரியா ஒரு குளத்தின் படுகை. மகாசேன மன்னன் கட்டுவித்ததென்று மகாவம்சம் கூறும் குளம். பெயர் மன்னனுடையது, மண் சுமந்த தோள்கள் பெயரற்றவை. நீர் வற்றும்போது அந்தப் படுகையில் முளைக்கும் பசும்புல்லே யானைகளை அழைக்கிறது. ஆகவே அங்கே நாம் காண்பது இயற்கையோடு பண்டைய உழவனின் உழைப்பும் கலந்த காட்சியாகும்.

இந்தக் காடுகள் எப்போது அரசின் உடைமையாயின? 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடாகவும் தரிசாகவும் பயிரிடப்படாமலும் கிடக்கும் நிலமெல்லாம், மாறாக நிரூபிக்கப்படும் வரை முடிக்குரியதெனக் கொள்ளப்படும் என்று விதித்தது. சில பருவம் பயிரிட்டுப் பல ஆண்டுகள் ஆறவிடும் சேனை நிலத்துக்கு ஏழை உழவன் எந்த உறுதிப்பத்திரத்தைக் காட்டுவான்? காட்டின் வாயிலில் அவன் அன்று முதல் அத்துமீறியவனாக நின்றான்.

அதே வாயில் துரைமாருக்கு அகலத் திறந்திருந்தது. 1845இல் இடி விழுந்து மாண்ட மேஜர் றொஜர்ஸ் ஆயிரத்துக்கு மேற்பட்ட யானைகளைக் கொன்றவர் என்று புகழப்பட்டார். குடியேற்ற ஆட்சியின் செயலாளராயிருந்த எமர்சன் டெனன்ட், வட மாகாணத்தின் ஒரு பகுதியில் மாத்திரம் 1848க்கு முந்திய மூன்றாண்டுக்கும் குறைந்த காலத்தில் 3,500 யானைகள் கொல்லப்பட்டதாக எழுதி வைத்திருக்கிறார். தலைக்கு இத்தனை ஷில்லிங் என்று அரசே வெகுமதி கொடுத்து அழித்த கணக்கு இது.

சாமுவேல் பேக்கர் என்ற வேட்டைப் பிரியர் 1850களில் வெளியிட்ட நூலில் மின்னேரியாக் கரையில் நடந்த ஒரு சம்பவத்தை விவரிக்கிறார். குண்டுகள் தீர்ந்துபோன வேளையில் காட்டெருமையொன்று எதிர்த்து நின்றது. பையிலிருந்த மூன்று ஷில்லிங் சில்லறையைத் துப்பாக்கிக்குள் திணித்து அவர் சுட்டார். அந்தச் சில்லறை அவரிடம் இருந்த காரணத்தையும் அவரே சொல்கிறார்: கூலியாட்களுக்குக் கொடுப்பதற்காக வைத்திருந்தாராம்!

இந்த மூன்று ஷில்லிங்கை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ளல் வேண்டும். 1848இல் தேசாதிபதி டொரிங்டனின் ஆட்சி வீதிக் கட்டளைச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 18 வயது முதல் 55 வயது வரையுள்ள ஆண்கள் ஆண்டுக்கு ஆறு நாள் வீதி வேலை செய்ய வேண்டும். இயலாதவர் மூன்று ஷில்லிங் கட்ட வேண்டும். இராஜகாரியம் என்னும் கட்டாய ஊழியத்தை ஒழித்துவிட்டதாகப் பறைசாற்றிப் பதினாறு ஆண்டுகளே ஆகியிருந்தன. ஒருவர் எருமைமீது சுட்டு விளையாடிய தொகை மற்றொருவனுக்கு ஆறு நாள் வியர்வை. அவ்வாண்டே மாத்தளையில் மக்கள் கிளர்ந்தெழுந்ததற்கு இச்சட்டமும் ஒரு காரணம். கிளர்ச்சியின் தலைவர்களில் ஒருவரான புரன் அப்பு சுட்டுக் கொல்லப்பட்டார். இன்று நம் வாகனம் வழுக்கிச் செல்லும் வீதிகளுக்கு இப்படியும் ஒரு பூர்வகதை உண்டு.

வேட்டை மிருகங்கள் அருகியதும் வேட்டைக்காரருக்குக் கவலை பிறந்தது. 1894இல் வேட்டை மிருகப் பாதுகாப்புச் சங்கம் தோன்றியது. துப்பாக்கி பிடித்த தோட்டத் துரைமாரும் உத்தியோகத்தருமே அதில் முன்னின்றனர். 1937ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டத்தின்கீழ் மறு ஆண்டில் யாலவும் வில்பத்துவும் தேசியப் பூங்காக்களாயின. பாதுகாப்பு அவசியந்தான், அதை மறுப்பாரில்லை. ஆனால் காட்டை வெறுமையாக்கியவர்கள் காவலராகிவிட, சேனை வெட்டியவனும் தேனெடுத்தவனும் குற்றவாளிகளாயினர். இந்த மாற்றம் இலங்கைக்கு மாத்திரம் உரியதன்று. 1872இல் அமெரிக்காவில் தோன்றிய யெல்லோஸ்டோன் பூங்காவிலும், பன்னெடுங்காலமாக அங்கே வேட்டையாடி வாழ்ந்த பழங்குடியினர் அகற்றப்பட்டனர். 1886 முதல் இராணுவமே அதைக் காவல் செய்தது.

சுதந்திரத்தின் பின் இந்நிலை அடியோடு மாறியதா? மகாவலி அபிவிருத்தித் திட்டம் பெருங்காடுகளை விழுங்கியபோது, விலங்குகளுக்கு இடமளிக்கவென 1983இல் மாதுறு ஓயாவும், 1986இல் சோமாவதியவும் பூங்காக்களாக்கப்பட்டன. மாதுறு ஓயாவின் எல்லைக்குள் அகப்பட்டது வேடர்களின் காடு. முதுபெருந் தலைவர் ஊருவரிகே திசாஹாமியும் சில குடும்பங்களும் புதுக் குடியேற்றத்துக்குப் போக மறுத்துத் தம்பானையிலேயே தங்கினர். தாம் பிறந்த காட்டில் தேனெடுப்பதற்கு அனுமதிச் சீட்டுக் கேட்கும் நிலை அவர்களுக்கு வந்தது. திருகோணமலை மாவட்டத்திலும் அவர்களுடைய உறவினர் உண்டு. மட்டக்களப்புக்கு வடக்கே தமிழ் பேசி மீன்பிடித்து வாழும் கரையோர வேடரைப் பற்றி செலிக்மன் தம்பதியர் 1911இலேயே எழுதியுள்ளனர். மூதூரின் உட்கிராமங்களில் அம்மரபினர் இன்றும் வாழ்கின்றனர். சுற்றுலாக் கையேடுகள் மூதூரைச் சொல்லும்போது, 1660இல் கொட்டியாரக் குடாவில் பிடிபட்ட றொபட் நொக்ஸ் என்ற ஆங்கிலேயனைச் சொல்லும். அவன் வருவதற்கு முன்பே அங்கிருந்தவர்களைச் சொல்வதில்லை.

புறாத்தீவின் கதையும் இத்தகையதே. மாடப்புறாக்கள் கூடு கட்டும் அச்சிறு தீவு குடியேற்ற ஆட்சிக் காலத்தில் சுடுதளமாயிருந்தது. 2003இல் தேசியப் பூங்காவாயிற்று. 1998இல் கடல் வெப்பமேறி இலங்கையின் பெரும்பாலான பவளப்பாறைகள் வெளிறி மடிந்தபோதும் இக்கரைப் பாறைகள் தப்பின. இன்றோ, கட்டணம் செலுத்தி வருவோரின் கால்களே அப்பவளத்தை மிதிக்கின்றன. வலை வீசாதே என்று மீனவனுக்கு விதித்த சட்டம், மிதிக்காதே என்று விருந்தாளிக்கும் அதே கண்டிப்போடு சொல்ல வேண்டாமா?

வீதியின் கதைக்கு மீண்டும் வருவோம். பெருவீதியில் கிண்ணியாப் பாலம் 2009இல் திறக்கப்பட்டது. பிரயாணிகள் விரைவாகக் கடக்கின்றனர். அதே கிண்ணியாவில், குறிஞ்சாக்கேணியில் புதிய பாலம் முடிவடையாதிருந்த வேளையில், 2021 நவம்பர் 23ஆம் திகதி இழுவைப் படகு கவிழ்ந்து பள்ளிக்குப் புறப்பட்ட சிறுவர்கள் மாண்டனர். உல்லாசத்துக்குப் போகிறவனுக்குப் பாலம் முந்திக் கிடைக்கிறது. எழுத்துப் படிக்கப் போகிற பிள்ளைக்குப் பிந்திக் கிடைக்கிறது. யுத்தம் முடிந்து ஊர் திரும்பிய உழவர் பலர், தம் வயல் மீது புதர் மண்டியிருப்பதையும், அதற்குள் வன எல்லைக்கல் நாட்டப்பட்டிருப்பதையும் கண்டனர். 1840இன் குரல் இன்னும் ஓயவில்லை.

அப்படியாயின் வேலிகளைப் பிடுங்கி எறிவோமா? அன்று. வேலி அகன்றால் முதலில் நுழைவது உழவனல்லன். மரம் கடத்துபவனும் மணல் அள்ளுபவனுமே நுழைவர். யானைக்கும் இடம் வேண்டும். யானையின் வழியில் பயிரிட நேர்ந்த ஏழைக்கும் பாதுகாப்பு வேண்டும். காட்டை அறிந்தவன் காட்டின் காவலில் பங்காளியாகும்போதுதான் இவ்விரண்டும் கைகூடும். எல்லை குறிக்கும்போது அவனுடைய சொல்லும் கேட்கப்பட வேண்டும். வருவாயில் அவனுடைய ஊருக்கும் பாடசாலைக்கும் பங்கு சேர வேண்டும்.

எனவே, பிரயாணத்தைக் கைவிடும்படி நாம் கூறவில்லை. ஆசிரியர்கள் மாணவரை அழைத்துச் செல்லட்டும். ஆனால் பூங்கா வாயிலோடு பாடம் முடிந்துவிட வேண்டாம். மின்னேரியாவில் யானையைக் காட்டும் ஆசிரியர் அணைக்கட்டையும் காட்டட்டும். வாயிலுக்கு வெளியே தேன் விற்கும் முதியவரிடமும், நிலாவெளியில் படகோட்டும் இளைஞரிடமும், தங்கள் தந்தையர் காலத்தில் இக்காடும் கடலும் எவ்வாறிருந்தன என்று மாணவர் கேட்கட்டும். பாடநூலில் இல்லாத பக்கங்கள் அவர்களிடம் இருக்கின்றன.