கேஷ் என்னும் பெட்டி

ஆங்கிலத்தின் 'கேஷ்' நம் காசிலிருந்து போனது என்பது மேடையிலும் வாட்ஸ்அப்பிலும் ஓயாமல் சுற்றிவரும் கூற்று. கட்டுமரமும் சுருட்டும் கப்பலேறிய கதையோடு சேர்த்துச் சொல்லப்படுவதால் யாரும் நின்று கேட்பதில்லை. இதை அப்படியே ஒப்புக்கொள்ளவும் முடியாது, முழுதாகத் தள்ளவும் முடியாது. விரிவான ஆங்கில அகராதி ஒன்றைத் திறந்தால் 'கேஷ்' இரண்டு தனித்தனித் தலைச்சொற்களாக நிற்கும். ஒன்று கையிலுள்ள ரொக்கம். மற்றது தென்னிந்தியாவிலும் சீனத்திலும் புழங்கிய சிறு நாணயத்தின் பெயர். எழுத்து ஒன்று, ஒலி ஒன்று, வேர் வேறு. நாணயத்தின் பெயர்தான் தமிழ்நாட்டிலிருந்து போனது. உலகமெல்லாம் வழங்கும் ரொக்கச் சொல் ஒரு பெட்டியிலிருந்து பிறந்தது.

அந்தப் பெட்டி லத்தீனில் 'காப்ஸா'. மருந்துக் கேப்ஸ்யூலும் மூக்குக்கண்ணாடி வைக்கும் கேஸும் அதே குடும்பம்தான். இத்தாலிய வணிகர்கள் இதை 'காஸ்ஸா' என்றார்கள். பணப்பெட்டிக்கும் அதுவே பெயர், பேரேட்டில் ரொக்கக் கணக்குக்கும் அதுவே பெயர். ஐரோப்பா இரட்டைப் பதிவுக் கணக்கை அவர்களிடமிருந்து கற்றபோது சொல்லும் கூடவே வந்தது. 1598-ல் வெளிவந்த ஜான் ஃப்ளோரியோவின் இத்தாலிய-ஆங்கில அகராதி, காஸ்ஸாவுக்குப் பொருள் சொல்லும்போது வணிகரின் பணப்பெட்டி என்ற பொருளில் 'கேஷ்' என்றே எழுதுகிறது. பெட்டியின் பெயர் உள்ளே இருக்கும் பணத்துக்கு ஏறுவது நமக்குப் புதிதல்ல. கடைக்காரர் பணம் போடும் கல்லாவை வைத்துத்தானே 'படம் கல்லா கட்டுது' என்கிறோம்? அங்கே யாரும் மரப்பெட்டியை நினைப்பதில்லை.

காலத்தைக் காட்டி இதை எளிதாக முடித்துவிடலாம் என்று தோன்றும். 1599-ஐ ஒட்டி எழுதப்பட்ட ஷேக்ஸ்பியரின் ஐந்தாம் ஹென்றி நாடகத்தில் கடனை 'கேஷ்' ஆகவே தருவதாக ஒரு பாத்திரம் சொல்கிறது. கிழக்கிந்தியக் கம்பெனிக்குச் சாசனம் கிடைத்தது 1600 டிசம்பர் 31-ல்தான். சென்னையில் அவர்களுக்கு இடம் கிடைத்தது 1639-ல். ஆனால் இந்த வாதம் தனியாக நிற்காது. போர்ச்சுகீசியர் 1498-லேயே வந்துவிட்டார்கள், அவர்கள் வழியாகப் போயிருக்கலாமே என்று எதிர்த்தரப்பு கேட்கும், கேட்பது நியாயமும்கூட. அதற்குப் பதில் ஆண்டுக்கணக்கில் இல்லை, பொருளில் இருக்கிறது. நாணயத்தின் பெயர்தான் மூலம் என்றால் லண்டன் வணிகரின் பெட்டிக்கு அந்தப் பெயர் ஏன் வந்தது? நம் காசோடு தொடர்பே இல்லாத இத்தாலியச் சொல்லும் பிரெஞ்சுச் சொல்லும் பெட்டியிலிருந்து பணத்துக்கு அதே வழியில் ஏன் நடந்தன?

நம்முடைய சொல்லின் பயணம் இதைவிடச் சுவையானது. ராஜராஜனின் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் ஊர்ச்சபைகளுக்குக் கடன் கொடுத்த கணக்கு இருக்கிறது: ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு வட்டி, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை. அப்போது மதிப்பாக இருந்த காசு, கம்பெனிக் காலத்தில் கடைநிலைச் செப்பு நாணயமாகிவிட்டது. 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு நட்சத்திர வராகன். காசைக் காதில் வாங்கிய போர்ச்சுகீசியர் அதை 'காய்ஷா' ஆக்கினார்கள். அவர்கள் மொழியில் காய்ஷா என்றால் ஏற்கெனவே பெட்டி! காப்ஸாவின் வழிவந்த அதே பெட்டி. தெரியாத சொல்லைத் தெரிந்த சொல்லின் அச்சில் வார்ப்பது எல்லா நாவும் செய்வதுதான். ஆகவே இரண்டு 'கேஷ்'களும் ஒலியில் ஒன்றானது வெறும் தற்செயல் அல்ல என்பது என் கணிப்பு. போர்ச்சுகீசிய வாயில்தான் அவை கலந்தன. மலாக்கா, சாவகம் பக்கம் புழங்கிய, நடுவில் சதுர ஓட்டை போட்ட சீன நாணயத்துக்கும் அதே பெயரை வைத்தார்கள். ஆங்கிலேயர் அதை அப்படியே எடுத்துக்கொள்ள, சீன நாணயம் இன்றும் நாணயவியலில் தமிழ்ப் பெயரோடு வாழ்கிறது. பர்மிங்காமில் மேத்யூ போல்ட்டனின் ஆலை சென்னைக்காக 1808-ல் அடித்த செப்பு நாணயம் இதற்கு நல்ல சாட்சி. ஆங்கிலத்தில் 'கேஷ்' என்றிருக்கும் அதே நாணயத்தில், பாரசீக எழுத்தில் 'காஸ்' என்றிருக்கிறது. பாரசீகம் தமிழ்க் காதோடு எழுதியது, ஆங்கிலம் போர்ச்சுகீசியக் காதோடு எழுதியது.

காசே வடமொழிக் 'கர்ஷ' என்ற எடையின் பெயரிலிருந்து வந்ததுதானே என்று கேட்பவர்கள் உண்டு. இருக்கலாம். பழந்தமிழில் காசுக்கு மணி என்றும் குற்றம் என்றும் பொருள்கள் உள்ளன. வெண்பாவின் ஈற்றுச்சீர் வாய்பாடுகளில் ஒன்றுக்கும் அதுவே பெயர். இத்தனை வேலை செய்யும் சொல்லை ஓர் எடைக்கல்லோடு கட்டிப்போட எனக்குத் தயக்கம்தான். எப்படியானாலும் அது காசுக்கு முந்தைய வரலாறு; இங்கிருந்து அது எங்கே போனது என்ற கேள்வியைத் தொடாது.

இன்னொரு மறுப்பு, பொருளும் ஒலியும் இவ்வளவு பொருந்தும்போது வேர் மட்டும் எப்படி வேறாகும் என்பது. பொருந்துவதாகத் தோன்றுவதெல்லாம் உறவு அல்ல. பணம் எண்ணும் 'கேஷியர்' பெட்டி வழி வந்தவர். படை அதிகாரியை அவமானப்படுத்திப் பதவி நீக்குவதைக் குறிக்கும் 'கேஷியர்' என்ற வினையோ, உடைத்தல், செல்லாததாக்கல் என்ற பொருளுடைய வேறொரு பிரெஞ்சுச் சொல்லின் வழி.    காசுக்கும் கேஷுக்கும் பொருள்கூட முழுக்கப் பொருந்தவில்லை. இன்றைய தமிழ்ப் பேச்சு இரண்டையும் தெளிவாகவே பிரித்து வைத்திருக்கிறது: போன் வழியாக அனுப்பிவிட்டு 'காசு போட்டுட்டேன்' என்கிறோம்; பையில் நோட்டு இல்லாதபோது 'கேஷ் இல்ல, ஜிபே பண்ணட்டுமா' என்கிறோம்.