பிள்ளைத்தமிழ்ப் பருவங்களும் குழவி வளர்ச்சியும்: மதுரை மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழை முன்வைத்து ஓர் ஆய்வு

பிள்ளைத்தமிழ் என்னும் சிற்றிலக்கியவகை குழவிப் பருவத்தைப் பத்துக் கூறாகப் பகுத்துப் பாடுவது என்பது தமிழ் கற்றார் யாவரும் அறிந்தது. அப்பகுப்பு எதன்மேல் எழுந்தது என்னும் வினாவுக்கு இருவேறு விடைகள் நம்மிடையே வழங்குகின்றன. மேனாட்டு உளநூலார் சென்ற நூற்றாண்டிற் கண்டவற்றை நம் முன்னோர் எண்ணூறாண்டுகட்கு முன்பே கண்டு மாதக் கணக்கோடு வகுத்து வைத்தனர் என்பார் ஒருசாரார். பருவம் பத்தும் புலவர் பாடுதற்கென வகுத்துக்கொண்ட வெறும் வரம்பே. அவற்றிற்கும் தொட்டிற் பிள்ளைக்கும் யாதொரு தொடர்புமில்லை என்பார் மற்றொரு சாரார். முதல் விடை மேடைக்கு ஏற்றது. இரண்டாவது சோம்பலுக்கு ஏற்றது. ஆய்வேடுகளில் இவ்விரண்டும் ஆராயாது எடுத்தாளப்படுகின்றமையின், சான்றுகளை வரிசைப்படுத்திக் காண்டல் வேண்டற்பாலது.

முதற்கண் சொல்லை நோக்குவாம். தொல்காப்பிய மரபியல் இளமைப் பெயர் ஒன்பதனைத் தொகுத்து, அவற்றுள் மக்கட்கு உரியன குழவி, மகவு என்னும் இரண்டே என வரையறுக்கின்றது. பிள்ளை என்பதை அந்நூல் பறவைக்கும், தவழும் உயிர்க்கும், ஓரறிவுயிராகிய மரத்துக்கும் உரிமை செய்கின்றது. தென்னம்பிள்ளை, அணிற்பிள்ளை, கீரிப்பிள்ளை என்று இன்றும் மதுரைப் பக்கத்து உழவர் வழங்குவது அம்மரபின் எச்சமாகும். எனவே தொல்காப்பியர் வகுத்த மரபின்படி நோக்கின், மக்கட் குழவியைப் பாடும் நூலுக்குப் பிள்ளைத்தமிழ் என்பது பொருந்தாப் பெயர். பொருந்தாதது பெயராக நிலைத்தமை, சொல்வழக்கு மாறிய பின்னரே இவ்வகை வகைப்பெயர் பெற்றது என்பதைக் காட்டும். புறத்திணையியலில் குழவியையும் காமப்பகுதிக்கு உரியதாக ஓதும் நூற்பாவை இவ்வகைக்கு வித்து என உரையாசிரியர் வழிநின்று கூறுதல் பொருந்தும். அவ்வித்திற் பத்துப் பருவமும் அடங்கியிருந்தன என்றல் பொருந்தாது.

சங்கப் புலவர் குழவியை உற்று நோக்கியவரே. பாண்டியன் அறிவுடைநம்பி பாடிய புறப்பாட்டு (புறநானூறு 188) இதற்குத் தலைசிறந்த சான்று. குறுநடை நடந்து, சிறு கையை நீட்டி, உணவைத் தரையில் இட்டு, தொட்டு, வாயாற் கவ்வி, கையால் துழாவி, நெய்ச்சோற்றை மேனியெங்கும் சிந்திக்கொள்ளும் ஒரு குழவியின் செயல்களை அவ்வரசன் அடுக்கிச் செல்கின்றான். உளநூல் கற்றார்க்கு இவ்வடுக்கு வியப்பளிக்கும். புலனாலும் தசையாலும் உலகை அறியும் நிலை எனச் சுவிட்சர்லாந்து அறிஞர் பியாசே, தம் மக்கள் மூவரை நாள்தோறும் நோக்கி 1936இல் வெளியிட்ட நூலில் விரித்துரைத்தது இச்செயல்களையே. ஆயினும் அறிவுடைநம்பியின் நோக்கம் வேறு. மக்களில்லாச் செல்வர்க்கு வாழ்நாட் பயனில்லை என்பதே அவன் கூற வந்தது. குழவியின் செயல்கள் அதற்குச் சான்றாய் வந்தன. அங்கு வரிசையில்லை, மாதமுமில்லை.

வரிசை எப்போது தோன்றியது? மதுரைக்குத் தென்மேற்கே பாண்டிநாட்டு வில்லிபுத்தூரில் வாழ்ந்த பெரியாழ்வாரை 9ஆம் நூற்றாண்டினர் எனப் பலரும் கொள்வர். அவர்தம் திருமொழி கண்ணன் பிறப்பில் தொடங்கித் தாலாட்டு, அம்புலி, செங்கீரை, சப்பாணி, தளர்நடை எனச் சென்று, அச்சோ, புறம்புல்கல், அப்பூச்சி காட்டல், முலையுண்ண அழைத்தல், காதுகுத்தல், நீராட்டல், பூச்சூட்டல் என விரிந்து, காப்பிடலையும் தன்னகத்தே கொண்டது. பிற்காலப் பாட்டியலார் வரிசையோடு இதனை ஒப்பிடுக. பாட்டியலில் முதலாவதாகிய காப்பு இங்குப் பெரிதும் பின்னே நிற்கின்றது. ஏழாவதாகிய அம்புலி இங்குச் செங்கீரைக்கும் முன்னே நிற்கின்றது. அப்பதிகத்திலேயே கண்ணன் தவழ்ந்து சென்று புழுதி அளைகின்றான். ஆகவே பெரியாழ்வார் வளர்ச்சிப் படி எதனையும் ஏறிச் செல்லவில்லை. யசோதையின் நாட்பொழுதை, அவள் உள்ளம் சென்ற வழியே, பாடிச் செல்கின்றார். அப்பூச்சி காட்டலும் காதுகுத்தலும் பிற்காலப் பத்தில் இடம்பெறாதொழிந்தன. குழந்தை வளர்ப்பை அறிய விரும்புவார்க்கு அவ்விழப்புப் பெரிது. முகத்தை மாற்றி அச்சுறுத்தி, உடனே சிரித்து மகிழ்விக்கும் அவ்விளையாட்டு உலகெங்கும் தாயரிடையே காணப்படுவது.

12ஆம் நூற்றாண்டில் ஒட்டக்கூத்தர் பாடிய குலோத்துங்கன் பிள்ளைத்தமிழ் பத்துப் பருவமும் அமைந்து நமக்குக் கிடைத்த முதல் தனிநூலாகும். தாய் பாடிய பாட்டு அவைக்களத்துக்கு வந்தது அப்பொழுதே. பாட்டியல் நூல்கள் அதன்பின் வரம்பை இறுக்கின. காப்பு, செங்கீரை, தால், சப்பாணி, முத்தம், வருகை, அம்புலி என்னும் ஏழும் இருபாற்கும் பொது; சிற்றில், சிறுபறை, சிறுதேர் ஆண்பாற்கு உரியன; அம்மானை, நீராடல், ஊசல் முதலியன பெண்பாற்கு உரியன. நூல்கள் தம்முள் மாறுபடினும், மூன்றாந் திங்கள் தொடங்கி ஒற்றைப்படைத் திங்களாகவே எண்ணி இருபத்தொன்றில் முடிக்கும் கணக்கே பெருவழக்காயிற்று.

இக்கணக்கை ஆராய்தற்கு இன்று நமக்கு ஓர் அளவுகோல் உண்டு. உலக நலவாழ்வு நிறுவனம் இந்தியா, கானா, நார்வே, ஓமன், அமெரிக்கா ஆகிய ஐந்து நாட்டுக் குழந்தைகளை நோக்கி 2006இல் வெளியிட்ட அளவைகளின்படி, பற்றுக்கோடின்றி உட்காருதல் 3.8 முதல் 9.2 திங்களுக்குள்ளும், கையும் முழந்தாளும் ஊன்றித் தவழ்தல் 5.2 முதல் 13.5 திங்களுக்குள்ளும், தனியே நடத்தல் 8.2 முதல் 17.6 திங்களுக்குள்ளும் நிகழ்கின்றன. இரு கையும் ஓய்வாக இருந்தாலன்றிச் சப்பாணி கொட்டல் இயலாது. உட்காரப் பழகினாலன்றிக் கைகள் ஓய்வு பெறா. ஒன்பதாந் திங்களிற் பெரும்பாலும் எல்லாக் குழந்தையும் உட்கார்ந்துவிடுதலின், சப்பாணியை அங்கு வைத்தது தகும். பதின்மூன்றாந் திங்களில் வருகையை வைத்ததும் அவ்வாறே. குழந்தைகளிற் பாதிப்பேர் ஓராண்டு நிறைவை ஒட்டித் தனியே நடக்கின்றனர்.

செங்கீரை இத்துணை எளிதன்று. ஒருகால் மடக்கி, ஒருகால் நீட்டி, இருகையும் ஊன்றித் தலை நிமிர்த்தி ஆடுதல் என்பார் பலர். கீர் என்பது சொல். மழலைக்கு முன்னெழும் ஒலியே செங்கீரை என்பார் சிலர். ஐந்தாந் திங்கள் தவழும் நிலைக்கு மிக முற்பட்டது. ஒலியெழுப்பி விளையாடுதற்கோ நன்கு பொருந்தும். இதுகொண்டு இரண்டாவது பொருளே மெய்ப்பொருள் என நிறுவிவிடலாம் போலத் தோன்றும். அவசரம் கூடாது. மூன்று, ஐந்து, ஏழு, ஒன்பது என ஓடும் எண்கள் எண்ணிக்கை ஒழுங்கால் அமைந்தன. எக்குழந்தையும் இரண்டிரண்டு திங்களாக வளர்வதில்லை. ஆகவே தனித்தனி மாதத்தைச் சான்றாகக் காட்டி வாதிடுதல் மணல்மேற் கட்டிய மாடமாம். வரிசையை மட்டுமே சான்றாகக் கொள்ளலாம். வரிசையோ தெளிவாகவே பேசுகின்றது. தாலாட்டு, பிறந்த நாளிலிருந்தே பாடப்படுவது. பெரியாழ்வாரும் அதனை முன்னரே வைத்தார். அதனைப் பாட்டியலார் செங்கீரைக்குப் பின் வைத்தது ஏன்? தால் என்பது நாக்கு. நாவை அசைத்து மெய்யும் உயிரும் கூட்டி அசை அசையாகக் குழந்தை ஒலிக்கத் தொடங்கும் நிலையை மனங்கொண்டே அவர் இடம் மாற்றினர் எனக் கருதுகின்றேன். அந்நிலை ஆறு முதல் பத்துத் திங்களுக்குள் தோன்றும் என்பது மொழிவளர்ச்சி நூலார் துணிபு. பருவப் பாடல்களின் உள்ளீடு தாலாட்டாகவே நின்றது. இடம் மட்டும் குழவியின் நாவைப் பின்பற்றிற்று.

இனி மதுரைக்கு வருவாம். குமரகுருபர அடிகள் திருவைகுண்டத்திற் பிறந்து ஐந்தாண்டு வரை பேசாதிருந்து, திருச்செந்தூர் முருகன் திருமுன் வாய்திறந்து கந்தர் கலிவெண்பா பாடினார் என்பது வரலாறு. பேச்சுத் தாழ்த்து வந்த ஒருவரே தாற்பருவம் பாடினார் என்று உளநூற் சுவை காண்பார் காண்க. அருளாளர் வரலாறுகளில் இத்தகைய செய்தி வேறிடங்களிலும் உண்டாதலின், நான் அதன்மேல் ஏதும் கட்ட விரும்பவில்லை. 1623 முதல் 1659 வரை ஆண்ட திருமலை நாயக்கர் அவையில் மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழ் அரங்கேறியபோது, அம்மையே சிறுமி வடிவில் வந்து அரசன் கழுத்து முத்துமாலையை எடுத்துப் புலவர்க்கு அணிந்து மறைந்தாள் என்னும் செவிவழிச் செய்தி, அந்நிகழ்ச்சியை வருகைப் பருவத்தின்மேல் ஏற்றிக் கூறுகின்றது. வருக என அழைத்தால் குழந்தை வரும் என்னும் வீட்டறிவு அக்கதையின் உயிர்நிலையாகும்.

இந்நூல் நம் வினாவுக்கு இன்றியமையாச் சான்றாவது பிறிதொரு காரணத்தால். மலயத்துவச பாண்டியன் வேள்வித் தீயிலிருந்து தடாதகை வெளிப்பட்டபோது அவள் மூன்றாண்டுப் பெண்மகவு என்பது திருவிளையாடற் கதை. மூன்றாண்டினளாய் வந்தவளுக்கு மூன்றாந் திங்களிற் காப்பு ஏது? ஐந்தாந் திங்கட் செங்கீரை ஏது? தாலும் சப்பாணியும் கடந்தே அவள் பிறந்தாள். அவள் வாழாத ஏழு பருவத்தையும் புலவர் அவளுக்குப் பாடிக் கொடுத்தார். மேலும், மலயத்துவசன் அவளை மைந்தனைப் போல் வளர்த்துப் படைக்கலம் பயிற்றி முடிசூட்டினான் என்பதும் அதே கதை. ஆயினும் அவளுக்குச் சிறுபறையும் சிறுதேரும் இல்லை. அம்மானையும் வையை நீராடலும் ஊசலுமே உண்டு. கதை ஒருபுறம் இழுப்ப, மரபு மறுபுறம் இழுப்ப, மரபே வென்றது.

கடை மூன்று பருவங்களில் வளர்ச்சி நோக்கு ஒழிந்து பால்நோக்கு இடம்பெறுகின்றது என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டா. பதினேழாந் திங்களிற் காயை மேலெறிந்து பிடித்து அம்மானை ஆடும் பெண்மகவை யாரும் கண்டிலர். ஆண்பாலில் சிறுமியர் மணல்வீட்டைச் சிதைக்கும் சிற்றிலும் அகவையில் மூத்தோர் செயலே. பாட்டியலாருட் சிலர் பிற்பருவங்களை ஆண்டுக் கணக்குக்கு மாற்றியது இவ்விடர்ப்பாட்டை அவர் உணர்ந்தமைக்கு அறிகுறியாகலாம். சிறுதேர் மட்டும் விலக்கு. பட்டினப்பாலை கூறும் சிறுதேர் குதிரை பூட்டாதது, மூன்று உருளையுடையது, சிறார் உருட்டிச் செல்வது. தச்சர் செய்து விற்கும் நடைவண்டியைக் கண்டார்க்கு அதன் உரு தெரியாமற் போகாது. நடைபயிலும் குழவியின் துணைக்கருவியாகிய அது, வருகையை அடுத்தே நிற்கவேண்டுவது. பத்தாவதாகத் தள்ளப்பட்டது அரசர்க்குரிய தேர் என்னும் பெருமிதத்தால் ஆகலாம்.

காப்பைப் பற்றியும் ஒன்று கூறல் வேண்டும். திருமாலை முன்வைத்துத் தெய்வங்களை வேண்டும் இப்பருவம் மூன்றாந் திங்களில் நிற்பது, குழவிச் சாக்காடு மிக்கிருந்த தொடக்க நாட்கள் கடந்தபின் பெற்றோர் துணிந்து பாடும் நிலையைக் குறிப்பதாகலாம். குழவியைத் திங்கள்தோறும் நோக்கும் வழக்கம் இந்நிலப்பரப்பிற் பிறிதொரு வடிவில் மீண்டும் வந்தது. உலக வங்கித் துணையோடு தமிழக அரசு 1980இல் தொடங்கிய ஒருங்கிணைந்த ஊட்டச்சத்துத் திட்டம் முதன்முதல் அன்றைய மதுரை மாவட்டத்துக் கொட்டாம்பட்டி ஒன்றியத்திலேயே செயற்பட்டது. ஆறு முதல் முப்பத்தாறு திங்கள் வரையுள்ள குழந்தைகளை மாதந்தோறும் நிறுத்து, எடை ஏறாதார்க்கு மட்டும் துணையுணவு அளித்தனர். பாட்டியலார் வகையை நோக்கினர். ஊட்டச்சத்துப் பணியாளர் பெயரும் எடையும் உடைய ஒவ்வொரு குழந்தையையும் நோக்கினர். டார்வின் தம் மகனைப் பற்றி 1839 முதல் எழுதிவைத்த குறிப்புகளைக் கொண்டு 1877இல் வெளியிட்ட சிறு கட்டுரையும் இப்பின்னை வகையினதே. பாட்டியலை உளநூல் எனல் தவறாவது இவ்வேறுபாட்டால்தான்.

இப்பொருளில் ஆய்வு மேற்கொள்ளும் மாணவர் பாட்டியல்களோடு நில்லாது, டார்வின் கட்டுரையையும் பியாசேயின் நூலையும் உடன்வைத்துக் கற்றல் நலம். பிலிப் ஆரியே 1960இல் எழுதிய நூலையும் கற்க வேண்டும். இடைக்கால ஐரோப்பாவிற் குழந்தைப் பருவம் என்னும் கருத்தே இல்லை என்ற அவர் கூற்றைப் பிற நாடுகளுக்கும் நீட்டுவார்க்கு, அதே காலத்துத் தமிழகத்தில் அப்பருவத்தைப் பத்தாகப் பகுத்துப் பாடினர் என்பது தக்க விடையாகும். அவற்றினும் முந்துறக் கற்கவேண்டியது பெரியாழ்வார் திருமொழியின் முதலிரு பத்துகள். பாட்டியலார் விலக்கிய அச்சோவும் அப்பூச்சியும் புறம்புல்கலும் மேலூர், உசிலம்பட்டிப் பக்கத்துத் தாயர் வாய்மொழியில் எவ்வடிவில் எஞ்சியுள்ளன என்பது இன்னும் முறையாகத் தொகுக்கத்தக்கது. பருவ வரிசையைப் பற்றிய இறுதி முடிவு அத்தொகுப்புக்குப் பின்னரே கூறற்பாலது.